முகை, மொய், மை

நான் படித்த வகுப்பில் ஒரே பெயர் மூன்று பையன்களுக்கு இருந்தது. வருகைப் பதிவேட்டில் மட்டும் அது மூன்று பெயர். முதலாமவன் முகைதீன், அடுத்தவன் மொய்தீன், கடைசியில் ஒரு மைதீன். ஆசிரியர் எழுதியிருந்தபடியே ஒவ்வொன்றையும் பிசகாமல் வாசிப்பார். மணி அடித்து வெளியே வந்துவிட்டால் மூவரும் மைதீனு. ஒருவனைக் கூப்பிட்டால் மூன்று தலை திரும்பும். எது சரியான எழுத்து, எது பிழை என்று கேட்க அப்போது யாருக்கும் தோன்றவில்லை. பல வருடம் கழித்து எனக்குத் தோன்றியது. அன்றிலிருந்து, கல்யாணப் பத்திரிகை, கடைப்பலகை, ரேஷன் கார்டு என்று எங்கே இந்தப் பெயரைக் கண்டாலும் நின்று எழுத்துக் கூட்டாமல் என்னால் நகர முடிவதில்லை.

மீமிசல் பக்கத்தில் இந்தப் பெயருக்குப் பஞ்சமே கிடையாது. கிழக்குக் கடற்கரைச் சாலையில் மணமேல்குடியைத் தாண்டித் தொண்டியை நோக்கிப் போனால் நடுவில் வரும் ஊர் இது. ஒரு பக்கம் பாக் நீரிணை, இன்னொரு பக்கம் உப்பளம், பக்கத்திலேயே கோபாலப்பட்டினம், கொஞ்சம் வடக்கே கோட்டைப்பட்டினம். கப்பலும் தோணியும் தொட்ட கரை என்பதால் சரக்கோடு சொல்லும் இங்கே வந்து இறங்கியிருக்கிறது. அப்படி இறங்கியவற்றில் எனக்கு மிகவும் பிடித்த சரக்கு இந்த ஒரு பெயர்தான்.

இதன் பிறப்பிடம் பாக்தாத். காஸ்பியன் கடலின் தென்கரையில் உள்ள கீலான் நாட்டில் 1077 வாக்கில் பிறந்து, பதினெட்டு வயதில் பாக்தாத்துக்குப் படிக்க வந்து, 1166இல் அங்கேயே அடக்கமானவர் அப்துல் காதிர் ஜீலானி. அப்துல் காதிர் என்பது பெற்றோர் வைத்த பெயர். ஆற்றலுடையவனின் அடியான் என்று பொருள். முஹ்யித்தீன் என்பது பிறகு வந்து சேர்ந்த பட்டம். முஹ்யீ என்றால் உயிர்ப்பிப்பவர், தீன் என்றால் மார்க்கம்.

பட்டம் வந்த கதையைப் பெரியவர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். பாக்தாத் வழியில் நோயாளி ஒருவர் எலும்பும் தோலுமாகக் கிடக்கிறார். எழுந்து உட்காரக் கை கொடுக்கும்படி கேட்கிறார். இவர் கையைக் கொடுத்ததும் அந்த உடம்பு தளதளவென்று தேறிவிடுகிறது. 'நான்தான் உங்கள் பாட்டனாரான நபியின் மார்க்கம். நலிந்து கிடந்தேன், என்னை உயிர்ப்பித்துவிட்டீர்கள்' என்று சொல்லி மறைகிறார் அவர். பள்ளிவாசலுக்குள் நுழைந்தால் எதிர்ப்படுகிறவர்கள் எல்லாம் யா முஹ்யித்தீன் என்று அழைக்கிறார்கள். ஒரு பெயருக்குள் ஒரு மனிதன் கையைப் பிடித்து எழுந்திருக்கும் காட்சி இருக்கிறது என்பது இந்தக் கதை கேட்ட பிறகுதான் எனக்குப் புரிந்தது.

இந்த முஹ்யீயின் வேர் வாழ்வைக் குறிக்கும் வேர். நம் ஊர்ப் பேச்சில் புழங்கும் ஹயாத்து என்ற சொல்லும் அதிலிருந்து கிளைத்ததுதான். 'ஹயாத்தோடு இருந்தால் பார்ப்போம்' என்பார்கள். இன்னொரு சொல்லும் இதே தெருக்களில் புழங்குகிறது: மையத்து. இறந்தவரின் உடல். மௌத்து என்ற சாவுச்சொல்லின் உடன்பிறப்பு அது. மைதீன், மையத்து என்று பக்கத்தில் பக்கத்தில் வைத்துச் சொல்லிப் பாருங்கள். காதுக்கு அண்ணன் தம்பி போல இருக்கும் இரண்டில் ஒன்று வாழ்வின் வேர், மற்றது சாவின் வேர்.

இனி எழுத்துக்கு வருகிறேன். என் ஆசை முழுக்க அங்கேதான்.

அரபியில் பெயர்ச்சொல்லுக்கு முன்னால் 'அல்' என்றொரு சுட்டு நிற்கும். பின்னால் வரும் எழுத்து சில இனமாக இருந்தால் அந்த ல் தன்னை இழந்து அதோடு கலந்துவிடும். அப்படிக் கரைக்கும் பதினான்கு எழுத்தைச் சூரிய எழுத்து என்றும், ல்-லை அப்படியே விட்டுவிடும் பதினான்கைச் சந்திர எழுத்து என்றும் அவர்கள் வகுத்திருக்கிறார்கள். தீனின் முதலெழுத்து சூரிய இனம். ஆகவே முஹ்யீ, அல், தீன் மூன்றும் சேரும்போது ல் காணாமல் போய், அந்த இடத்தில் தகரம் இரட்டிக்கிறது. முஹ்யித்தீன்.

தமிழ் படித்தவனுக்கு இது புதிய சங்கதி இல்லை. அல் என்ற நம்முடைய எதிர்மறைச் சொல் திணையோடு சேர்ந்தால் அல்திணை என்று நிற்கிறதா? நிற்பதில்லை. லகரம் தகரத்தைக் கண்டதும் உருமாறுகிறது, தகரமும் கூடவே மாறி அஃறிணை ஆகிறது. அரபியின் 'அல்' வேறு, தமிழின் 'அல்' வேறு. பொருளில் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. ஆனால் நுனிநாக்கில் பிறக்கும் ல், பல்லில் முட்டும் ஒலியைச் சந்திக்கும்போது என்ன பாடுபடும் என்பது பாக்தாத்திலும் ஆவுடையார்கோவிலிலும் ஒன்றுபோலவே இருக்கிறது. இரண்டு இலக்கணமும் ஒரே நாக்கைப் பார்த்து எழுதியவை.

சரி, முஹ்யித்தீனைத் தமிழில் எப்படி எழுதுவது? முதல் சிக்கல் ஹ். கிரந்த எழுத்தைத் தொடாமலேயே நம்மவர்கள் இதைத் தீர்த்துவிட்டார்கள். பகல் என்று சொல்லிப் பாருங்கள். அந்தக் க, கல்லில் இருக்கும் க இல்லை. இரண்டு உயிருக்கு நடுவில் வந்ததும் காற்றாக இளகிவிடுகிறது. முகம்மது என்று எழுதினால் யாரும் கல்லுக்குரிய ககரத்தோடு அதைப் படிப்பதில்லை. அதேபோல முகியித்தீன் என்று எழுதினால் ஹ் தானாக ஒலித்துவிடுகிறது.

அடுத்த சிக்கல்தான் என்னை நாள்கணக்கில் பிடித்து வைத்தது. தமிழில் தகரத்தை இரட்டித்தால் ஓசை வலுக்கும்: முத்து, சொத்து, வித்து. உயிருக்கு நடுவே தனியாக விட்டால் மெலியும்: காது, விதை, பாதை. தீனின் த மெலிந்த த. இந்தப் பெயரில் அது இரட்டித்தும் நிற்கிறது. மெலிந்தும் இரட்டித்தும் இருக்கும் தகரத்தைக் காட்டத் தமிழ் எழுத்தில் வழியே கிடையாது. ஒன்றைக் காப்பாற்றினால் இன்னொன்று போகும்.

முகியித்தீன் என்று எழுதியவர் இரட்டிப்பைக் காப்பாற்றினார், மென்மையை விட்டார். முகைதீன் என்று எழுதியவர் மென்மையைக் காப்பாற்றினார், இரட்டிப்பை விட்டார். கவனக்குறைவு இருவரிடமும் இல்லை. கை நிறைய இருந்த இரண்டு மணியில் ஒன்றை மட்டும் கொண்டுபோகலாம் என்றபோது ஆளுக்கு ஒன்றை எடுத்துக்கொண்டார்கள். என் வகுப்பு ஆசிரியர் பதிவேட்டில் பிரித்து எழுதியதைப் பல தலைமுறைக் காதுகள் ஏற்கெனவே பிரித்து வைத்திருந்தன.

இன்னொரு நுணுக்கமும் உண்டு. வடக்கே இந்தப் பெயரை முஹியுத்தீன் என்று உகரம் வைத்துச் சொல்வார்கள். ஔரங்கசீப்பின் இயற்பெயரே முஹியுத்தீன் முகம்மது என்றுதான் நம் வரலாற்று நூல்களில் இருக்கும். நிஜாமுத்தீன், ஜலாலுத்தீன், நூருத்தீன் என்று வரிசையாக உகரம் கேட்ட பழக்கத்தில் இதற்கும் அது ஒட்டிக்கொண்டது. அந்தப் பெயர்களில் உகரம் எழுவாய் வேற்றுமையின் உருபு, அது அங்கே வரவேண்டியதுதான். முஹ்யீ என்ற சொல்லோ ஈகாரத்தில் முடிகிறது, அதன் மேல் அந்த உகரம் ஏறாது. ஆகவே அரபி இலக்கணப்படி இகரம்தான் சரி. டில்லி அரண்மனை நழுவவிட்ட இகரத்தைத் தமிழ்க் கடற்கரை முகியித்தீன் என்று எழுதிக் காப்பாற்றி வைத்திருக்கிறது. இதைக் கண்டுபிடித்த அன்று எனக்கு ஏற்பட்ட சந்தோஷத்தை யாரிடமும் சொல்லத் தெரியவில்லை.

எழுத்து நுட்பம் தெரியாதவர்களும் இந்தப் பெயரை ருசிக்கலாம். அரபியை மறந்துவிட்டு வெறும் தமிழ்க் காதால் கேட்டால் போதும். முகைதீன்: முகை என்றால் மொட்டு. மொய்தீன்: மொய் என்றால் நெருங்கிச் சூழ்தல், புதுக்கோட்டைச் சீமையில் அதற்கு மேலும் ஒரு கனம் உண்டு. கீரமங்கலம், வடகாடு பக்கம் மொய் விருந்து வைத்துக் கடனை அடைத்த குடும்பங்களும் கல்யாணம் முடித்த குடும்பங்களும் எத்தனையோ. மைதீன்: மை, கண்ணுக்கும் எழுத்துக்கும் மேகத்துக்கும் உரிய கருமை. ஒரு அரபிச் சொல் தமிழ் வாயில் உருண்டு தேய்ந்த ஒவ்வொரு கட்டத்திலும் ஒரு பழைய தமிழ்ச் சொல்லின் மேல் போய் உட்கார்ந்திருக்கிறது. யாரும் திட்டமிட்டுச் செய்ததில்லை. செய்திருந்தால் இவ்வளவு அழகாக வந்திராது.

அசை பிரித்தாலும் இதே தேய்மானம் தெரியும். முகியித்தீன் மூன்று அசை, புளிமாங்காய். முகைதீனில் இரண்டே அசை, புளிமா. மைதீன், மொய்தீன் இரண்டும் தேமா. காயிலிருந்து மாவுக்கும் அங்கிருந்து தேமாவுக்கும் இறங்கிய பிறகு, கூப்பிடுவதற்கு ஏற்ற எடை வந்துவிடுகிறது. வயல் வரப்பிலிருந்தும் வல்லத்திலிருந்தும் கத்திக் கூப்பிடக்கூடிய எடை.

அதே பெயரின் நீண்ட வடிவத்துக்குப் பெரிய மரியாதை செய்தவர் இந்தக் கரைக்காரர். குணங்குடி மஸ்தான் சாகிபு. மீமிசலிலிருந்து தெற்கே போனால் தொண்டி, தொண்டிக்குப் பக்கத்தில் குணங்குடி. சென்னையில் போய்த் தங்கி 1838இல் அங்கேயே மறைந்தார். தொண்டியார் இருந்ததால்தான் தண்டையார்பேட்டைக்கு அந்தப் பெயர் என்பார்கள். அவர் பாடிய நூறு பாட்டுக்கு 'முகியித்தீன் சதகம்' என்று பெயர். அங்கே மைதீனும் இல்லை, மொய்தீனும் இல்லை; இரட்டிப்பும் இகரமும் குறையாத முழு முகியித்தீன். பாட்டில் வைக்கும்போது அவருக்கு அந்தக் கூடுதல் அசை வேண்டியிருந்தது. இன்னொரு பொருத்தம், மஸ்தான் சாகிபின் இயற்பெயர் சுல்தான் அப்துல் காதர். பாக்தாத் மகானின் இயற்பெயரைத் தன் பெயராகக் கொண்டவர், அவருடைய பட்டப் பெயரைப் பாட்டாக்கியிருக்கிறார். நாகூர் ஆண்டவர் சாகுல் ஹமீதுக்கும் அப்துல் காதிர் என்றே பெயர், காதிர் வலி என்று அவரை அழைப்பது அதனால்தான்.

அப்துல் காதிர் என்ற பெயர் இந்தக் கரையில் அடைந்த உச்சம் எது தெரியுமா? கீழக்கரையில் இருக்கிறது. பதினேழாம் நூற்றாண்டின் வள்ளல், உமறுப் புலவரின் சீறாப்புராணத்துக்குத் துணை நின்றவர், சேதுபதி அவையில் பெரியதம்பி மரைக்காயர் என்று மதிக்கப்பட்டவர். ஷெய்கு அப்துல் காதிர் என்பது அவர் பெயர். அவரைத் தமிழ்நாடு எப்படி அறியும்? சீதக்காதி.

இந்தச் சொல்லை நான் பல முறை அவிழ்த்துக் கட்டிப் பார்த்திருக்கிறேன். ஷெய்கு, செய்யாகி நின்றது. அப்துலின் ப் உதிர்ந்தது. ல் சந்திர எழுத்தின் முன் நிற்பதால் அரபிச் சட்டப்படி கரையக் கூடாது, தமிழ் வாய் அதையும் கரைத்துக் ககரத்தை இரட்டித்தது. காதிரின் கடைசி ர் ஓய்ந்தது. பழைய நொண்டி நாடகம் ஒன்றுக்குச் 'செய்தக்காதி நொண்டி நாடகம்' என்றே பெயர். தேய்மானத்தின் நடுப்படி அங்கே அப்படியே இருக்கிறது. அதற்கு அடுத்த படி சீதக்காதி. சீதம் என்றால் குளிர்ச்சி. கொடையாளியின் பெயரில் குளிர்ச்சி வந்து அமர்ந்தது. செத்தும் கொடுத்தான் என்று பழமொழி எழுந்ததற்கு அவர் கை காரணம் என்றால், அது நாக்கில் நிலைத்ததற்கு அந்தச் செ, சீ மோனையும் ஒரு காரணம் என்று நான் நம்புகிறேன். ஷெய்கு அப்துல் காதிர் என்ற பெயரோடு அந்தப் பழமொழியைச் சொல்லிப் பாருங்கள், நிற்காது.

எங்கள் வட்டத் தலைநகரான ஆவுடையார்கோவிலுக்குப் போனவர்கள் அங்குள்ள கொடுங்கையை அண்ணாந்து பார்க்காமல் வரமாட்டார்கள். கல் கூரை. ஆனால் மர விட்டமும் குறுக்குச் சட்டமும் ஆணியும் வைத்து அடித்தது போலவே செதுக்கியிருப்பார்கள். கல் மரமாகித் தெரியும். சீதக்காதி என்ற சொல்லைப் பார்க்கும்போது எனக்கு அந்தக் கொடுங்கைதான் நினைவுக்கு வரும். அரபிக் கல், தமிழ் மரத்தின் இழை.

ஊரின் பெயரைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். மீமிசல் என்ற பெயரைக் கேட்கும்போதெல்லாம் மீமிசை என்ற சொல் என் காதில் ஒலிக்கும். ஊர்ப்பெயரின் வரலாறு அது என்று நான் சொல்லவில்லை, ஒலி இழுத்துக்கொண்டு போகும் இடம் அது. மீ என்றாலும் மேல், மிசை என்றாலும் மேல். ஒரே பொருளுடைய இரண்டு சொல் அடுத்தடுத்து நிற்பதை ஒருபொருட்பன்மொழி என்பார்கள். அதற்கு இலக்கண வகுப்பில் காட்டும் உதாரணமே மீமிசைதான். இந்தக் கரையில் மிகவும் புழங்கும் ஓர் ஆண்பெயர் முகைதீன் அப்துல் காதர். பட்டமும் அவருடையது, இயற்பெயரும் அவருடையது. ஒரே மகானை இரண்டு முறை சொல்லி ஒரு பிள்ளைக்கு வைக்கிறார்கள். அதுவும் ஒரு மீமிசை அல்லவா? அந்த ஒரே பெயருக்குள் சூரிய எழுத்தில் கரைந்த ல் ஒன்று, சந்திர எழுத்தின் முன் கரையாமல் நிற்கும் ல் ஒன்று. அரபி இலக்கணப் பாடம் ஒன்றைத் தலையில் சுமந்துகொண்டு அந்தப் பிள்ளை கடைக்குப் போய் வருகிறான்.

பெண்பிள்ளைகளையும் இந்தப் பெயர் விடவில்லை. தென்கரையில் மைதீன் பாத்து என்ற பெயர் உண்டு. பாத்திமா தேய்ந்து பாத்து ஆனது, முகியித்தீன் தேய்ந்து மைதீன் ஆனது. தேய்ந்த இரண்டும் தோளோடு தோள் சேர்ந்தால் அதில் தனி ஒரு பாசம் வந்துவிடுகிறது. வட்டாரம் வட்டாரமாக இப்படி ரூபம் மாறும். மலபாரில் மொய்தீன். கோழிக்கோட்டு காழி முகம்மது 1607இல் அரபி எழுத்தில் எழுதிய மலையாளப் பாட்டுக்கு முஹ்யித்தீன் மாலை என்று பெயர். ஜீலானி இங்கே ஜெய்லானி ஆனார், இலங்கையில் பலாங்கொடைக்குப் பக்கத்து மலையில் தப்தர் ஜெய்லானி என்று அவர் பெயரால் ஓர் இடமே இருக்கிறது.

கடல் கடந்து சபர் போனவர்களோடு பெயரும் சபர் போனது. மலேசியாவில் 1957இல் கோத்தா பாருவில் சிறு கடையாகத் தொடங்கி நாடெங்கும் கிளைவிட்ட பேரங்காடிக்கு அதைத் தொடங்கியவரின் பெயர்தான்: மைதின். எம், ஒய், டி, ஐ, என். ஐந்தே ஆங்கில எழுத்து. முஹ்யித்தீனை இதைவிடச் சுருக்கமாக எழுத முடியும் என்று எனக்குத் தோன்றவில்லை. தமிழ் மைதீனைக் கேட்ட காது எழுதிய எழுத்து அது. மையில் இருக்கும் ஐகார ஒலியை ஒய் என்ற ஒற்றை எழுத்தில் பிடித்திருக்கிறார்கள். அதே நாட்டில் 2020 மார்ச் முதல் 2021 ஆகஸ்ட் வரை பிரதமராக இருந்தவர் முஹ்யித்தீன் யாசின். 2021 தொடக்கத்தில் வெளியான அரசிதழில் அவர் பெயர் மஹியத்தீன் என்று இருந்தது கண்டு ஜனங்கள் வியந்தார்கள். பிறப்புச் சான்றிதழில் அப்படித்தான் பதிவாகியிருந்ததாம். ஒரு நாட்டின் பிரதமருக்கே இந்தப் பெயர் இரண்டு உருவில் இருந்திருக்கிறது.

என் நண்பன் ஒருவனுடைய பள்ளிச் சான்றிதழில் ஓர் எழுத்து, பாஸ்போர்ட்டில் வேறு எழுத்து. அதைச் சரிசெய்ய அவன் ஏறி இறங்கிய படிகளை நான் அறிவேன். பிழை உள்ளதைத் திருத்திக் கொண்டு வாருங்கள் என்று ஜன்னலுக்கு உள்ளிருந்து சொன்னார்கள். எது பிழை? ஒன்றில் இகரம் இருந்தது, இன்னொன்றில் ஐகாரம் இருந்தது. எண்ணூறு வருடத்துக்கு மேற்பட்ட ஒரு பெயரின் இரண்டு வயதை அந்த இரண்டு தாளும் காட்டிக்கொண்டிருந்தன. எனக்கு அவற்றைச் சட்டம் போட்டு மாட்ட வேண்டும் போல இருந்தது. அவனுக்கு விசா வேண்டியிருந்தது. அவன் அலைந்த நாட்களில் நானும் கூடப் போனேன்.

குணங்குடியாரின் சதகத்தில் பாட்டுக்குப் பாட்டு முகியித்தீனே என்று விளித்தே முடியும். னகரத்தில் முடியும் பெயர் ஏகாரம் பெற்று விளியாகும் என்று படித்திருக்கிறோம். தமிழ் உருபு ஏறிய பிறகு அந்தப் பெயர் தமிழ்ப் பெயராகவே ஆகிவிடுகிறது. மீமிசலில் மஃரிபு பாங்கு சொல்லும் நேரத்துக்குக் கடற்பக்கம் காற்று மாறும். பந்தடித்துக்கொண்டிருக்கும் பையன்களில் ஒருவனை அவன் அம்மா வாசலில் நின்று கூப்பிடுவார். பாங்கின் ஓசை ஓய்வதற்குக் காத்திருந்து, சேலைத் தலைப்பைத் தலையில் இழுத்துவிட்டுக்கொண்டு, தெருக்கோடி வரை கேட்கும்படி 'மைதீனே...' என்று அந்த ஏகாரத்தை நீட்டுவார். தேமாவில் இருந்த பெயர் அந்த நீட்டலில் ஓர் அசை கூடி மறுபடியும் காயாகும். அப்போதும் இரண்டு மூன்று தலை திரும்பும்.